கானாடுகாத்தான் அடுப்படியில் நின்றுபோன டிஸ்போசர்: ஒரு நிகழ்வு ஆய்வு

செட்டிநாட்டுக் கானாடுகாத்தானில் பழைய நகரத்தார் வீடு ஒன்றை விருந்தினர் தங்கும் விடுதியாக மாற்றியபோது பின்பகுதியான மூன்றாங்கட்டு அடுப்படியையும் புதுப்பித்தார்கள். விறகடுப்பு இருந்த இடத்தில் கேஸ் மேடை. ஜன்னலோரம் இரட்டைத் தொட்டி ஸ்டீல் சிங்க். அதில் ஒரு தொட்டிக்கு அடியில் அரை எச்பி இன்டக்‌ஷன் மோட்டார் கொண்ட உணவுக்கழிவு அரைப்பான். கடைக்காரர், பிளம்பர் எல்லாருக்கும் அது டிஸ்போசர்தான். இங்கேயும் அப்படியே வைத்துக்கொள்வோம்.

ஓர் ஆண்டு முடிவதற்குள் அது மூன்று தடவை நின்றது. முதல் இரண்டு தடவையும் அடியிலுள்ள சிவப்பு ரீசெட் பொத்தானை அழுத்தியதும் ஓடிவிட்டது. மூன்றாம் தடவை அழுத்தியும் பயனில்லை. அதோடு பக்கத்துத் தொட்டியில் கலங்கல் தண்ணீர் ஏறியது, சிங்க்குக்குக் கீழே கப்போர்டில் ஈரம் கசிந்தது, அடுப்படி முழுக்கப் புளித்த மாவு வாடை. வந்து பார்த்த எலக்ட்ரீஷியன் மோட்டார் போய்விட்டது, புதிதாக வாங்குங்கள் என்று சொல்லிவிட்டார். மோட்டார் போகவில்லை. அதற்குக் கீழே இருந்த குழாயும் மேலே இருந்த குழாயும்தான் அதைப் படுத்தியிருந்தன. இந்த வரிசையில் பிழை நடக்கும் வீடுகள் செட்டிநாட்டில் இன்னும் பல இருக்கும் என்பதால் எல்லாவற்றையும் அளவோடு எழுதுகிறோம்.

உள்ளே என்ன இருக்கிறது

டிஸ்போசரில் மிக்ஸி ஜாரில் இருப்பது போன்ற பிளேடு கிடையாது. அரைக்கும் அறையின் அடியில் ஒரு வட்டத் தட்டு. அதன்மேல் இரண்டு எஃகுக் கட்டைகள், ஒவ்வொன்றும் ஒரே ஆணியில் ஆடும்படி பொருத்தியவை. நம் ஊர் 50 ஹெர்ட்ஸ் மின்சாரத்தில் நான்கு துருவ இன்டக்‌ஷன் மோட்டார் நிமிடத்துக்கு 1,400 சுற்றுக்கு மேல் சுற்றும். அந்த வேகத்தில் கழிவு சுவரை நோக்கி வீசப்படுகிறது. சுவரில் பல்லுப் பல்லாக வெட்டிய வளையம் அதைத் துருவுகிறது. துருவல் சன்னமானதும் தண்ணீரோடு தட்டின் ஓரம் வழியாகக் கீழே இறங்குகிறது. பிளேடு மழுங்கிவிட்டது, ஐஸ் போட்டுக் கூர்தீட்டலாம் என்ற பேச்சுக்கு ஆதாரமே இல்லை. கூராக இருப்பதற்கு அங்கே ஒன்றும் இல்லை. ஐஸ் கட்டி செய்யும் வேலை வேறு: சுவரில் ஒட்டிய அழுக்கை உடைத்துத் தள்ளும்.

எது சிக்கும் என்பதும் இந்த அமைப்பிலிருந்தே தெரிந்துவிடும். நீள நார் துருவப்படாமல் கட்டையைச் சுற்றிக்கொள்ளும். மெல்லிய தோல் துருவப்படாமல் ஓரத்து இடைவெளியில் வழுக்கி இறங்கிக் குழாயில் படியும். வழுவழுப்பான கெட்டிக் கொட்டை, கட்டைக்கும் வளையத்துக்கும் நடுவே ஆப்பு அடித்ததுபோல நின்றுவிடும்.

1927-இல் அமெரிக்காவின் விஸ்கான்சின் மாநிலத்து ரசீன் நகரில் ஜான் ஹேம்ஸ் என்ற கட்டடக் கலைஞர் உருவாக்கியது இந்த மிஷின். நகரத்துக் குழாயில் வேகமாக வரும் தண்ணீர், வீட்டுக்கு வெளியே பெரிய பாதாளச் சாக்கடை, இரண்டும் இருக்கும் ஊருக்குப் பிறந்தது. மொட்டைமாடித் தொட்டியும் உறிஞ்சுகுழியும் உள்ள வீட்டுக்கு அது வரும்போது அந்த இரண்டையும் நாம்தான் ஈடுகட்ட வேண்டும். இந்த வீட்டில் அதை யாரும் செய்யவில்லை.

சத்தத்தைக் கேட்பது

"ஆச்சி, சுவிட்சைப் போட்டா என்ன சத்தம் வருது?"

"உம்முன்னு ஒரு இழுப்பு இழுக்குது தம்பி. அப்புறம் பேச்சே இல்லை."

வீட்டுக்கார ஆச்சி சொன்ன அந்த ஒரு வரியில் பாதி நோய் தெரிந்துவிட்டது. உம்மென்ற சத்தம் வருகிறதென்றால் மோட்டார் வரைக்கும் கரன்ட் போகிறது. சுற்ற மட்டும் முடியவில்லை. சில வினாடியில் ஓவர்லோடு காப்பான் துண்டித்துவிடுகிறது, அதனால்தான் பேச்சு நிற்கிறது. சுவிட்சைப் போட்டதும் சத்தமே இல்லை என்றால் பார்க்கவேண்டியது வேறு: ப்ளக், எம்சிபி (போர்டில் உள்ள டிரிப் சுவிட்ச்), ரீசெட் பொத்தான், கடைசியில் சுவிட்ச். கடகடவென்று உருண்டால் ஸ்பூனோ எலும்போ உள்ளே கிடக்கிறது. கழிவே போடாதபோதும் அடிவயிற்றிலிருந்து ஓர் உறுமல் இருந்தால் பேரிங்.

உம்மென்ற சத்தத்துக்கு இரண்டு காரணம் இருக்கலாம். ஒன்று, தட்டு சிக்கியிருக்கிறது. இரண்டு, ஸ்டார்ட் ஆகும் அமைப்பு, அதாவது கெப்பாசிட்டரோ ஸ்டார்ட்டிங் சுவிட்சோ ஸ்டார்ட்டிங் காயிலோ, செத்திருக்கிறது. இரண்டையும் பிரித்தறிய மீட்டர் தேவையில்லை, ஓர் ஆலன் கீ போதும். மிஷினின் அடிப்பாகத்தில் நடுவில் அறுகோணத் துளை உண்டு. அதில் சாவியைப் போட்டுத் திருப்பும்போது இறுகி நின்றால் சிக்கல். தடையில்லாமல் முழுச் சுற்று வந்தும் உம்மென்றே நின்றால் மின்பகுதிக் கோளாறு. எலக்ட்ரீஷியன் விட்டுவிட்ட படி இதுதான்.

அந்தத் துளையின் அளவு பெரும்பாலும் கால் இஞ்ச், 6.35 மி.மீ. மிஷினோடு வரும் சாவி அந்த அளவுதான். ஆனால் பொருத்திவிட்டுப் போகிறவர் அதை அட்டைப்பெட்டியோடு எறிந்துவிடுவார். ஹார்டுவேர் கடையில் கேட்டால் 6 மி.மீ. கொடுப்பார்கள். அது சற்று ஆடும். பலமாகத் திருப்பினால் துளையின் மூலைகள் மழுங்கும். கால் இஞ்ச் என்றே கேட்டு வாங்கி, நூலில் கட்டி கப்போர்டுக் கதவின் உள்பக்கம் தொங்கவிடுவது நல்லது. எல்லா மாடலிலும் அடித்துளை இருக்காது. இல்லாதவற்றில் மேலிருந்து ஒரு மரக்கட்டையை, துடைப்பக் கம்பின் அளவில், எஃகுக் கட்டையின் பக்கவாட்டில் ஊன்றி நெம்ப வேண்டும்.

வேலை தொடங்கும்முன் ப்ளக்கைப் பிடுங்க வேண்டும். சுவிட்சை அணைப்பது போதாது. வயரிங் நேரடியாகப் போயிருந்தால் எம்சிபியை இறக்கிவிட்டு, இன்னொருவர் ஏற்றிவிடாதபடி ஓர் ஆளை நிறுத்துங்கள். ப்ளக் கையில் இருந்தாலும் கையை உள்ளே விடக் கூடாது. டார்ச்சும் நீள இடுக்கியும் போதும்.

சிக்கலை எடுத்த விதம்

சாவி வலப்பக்கம் நகரவில்லை. இடப்பக்கம் கால் சுற்று வந்து நின்றது. இப்படி இரண்டு பக்கமும் மாற்றி மாற்றி அசைத்துக் கொடுப்பதுதான் முறை. ஒரே பக்கம் பலம் கொடுத்தால் ஆப்பு இன்னும் இறுகும். சாவியில் இரும்புக் குழாயைச் செருகி நீட்டி நெம்புவதும், டிரில் மிஷினில் மாட்டிச் சுற்றுவதும் அச்சையே கெடுத்துவிடும். சிறிது நேரத்தில் டக்கென்று விட்டு, முழுச் சுற்று வந்தது.

உள்ளிருந்து இடுக்கியில் வந்தவை: இரண்டு புளியங்கொட்டை, ஒரு துண்டு பட்டை, கட்டையைச் சுற்றிக் கயிறாக முறுக்கியிருந்த முருங்கைக்காய் நார். கொட்டை நீக்கிய புளி என்று எழுதி விற்கும் பொட்டலத்திலும் நாலைந்து கொட்டை தப்பி வரும். கரைத்துப் பிழிந்த சக்கையை அப்படியே சிங்க்கில் தட்டுவது பழக்கமாகிவிட்டால் ஒருநாள் கொட்டை இங்கேதான் வந்து சேரும்.

ரீசெட் பொத்தானை உடனே அழுத்தக் கூடாது. காப்பான் சூட்டினால் துண்டிப்பது. பத்துப் பதினைந்து நிமிடம் ஆறவிட்டால்தான் பொத்தான் உள்ளே போய் நிற்கும். ஆறாமல் திரும்பத் திரும்ப அழுத்துவதும், சிக்கல் இருக்கும்போதே அழுத்தி ஓட்டப் பார்ப்பதும் காயிலைச் சுட்டுவிடும். சுற்ற முடியாமல் நிற்கும் மோட்டார் சாதாரணமாக எடுப்பதைப் போல நான்கைந்து மடங்கு கரன்ட் இழுக்கும் என்பதை நினைவில் வைத்துக்கொள்ளுங்கள்.

ஆறிய பிறகு தண்ணீரைத் திறந்து ஓட்டியதில் மோட்டார் முதல் தட்டிலேயே எடுத்தது. வெறுமனே ஓடும்போது கிளாம்ப் மீட்டரில் 2 ஆம்பியருக்குச் சற்றுக் குறைவு. அரை எச்பிக்கு இது சரியான அளவு. ஒரு சிறு குறிப்பு: மூன்று கம்பியும் சேர்ந்த ஒயரை மொத்தமாகக் கிளாம்புக்குள் விட்டால் பூஜ்யம்தான் காட்டும், போகும் கரன்ட்டும் வரும் கரன்ட்டும் ஒன்றையொன்று அடித்துவிடும். ஃபேஸ் கம்பியை மட்டும் தனியாகப் பிடிக்க வேண்டும். போய்விட்டது என்று தீர்ப்பு எழுதப்பட்ட பல மோட்டார்கள் இதைச் சரியாக அளந்திருந்தால் பிழைத்திருக்கும்.

பலர் இந்த இடத்தில் வேலை முடிந்தது என்று கிளம்பிவிடுவார்கள். முதல் இரண்டு தடவையும் அப்படித்தான் நடந்தது. பக்கத்துத் தொட்டியில் ஏறிய தண்ணீருக்கும் வாடைக்கும் புளியங்கொட்டை காரணமில்லையே.

தட்டின்மேல் நின்ற தண்ணீர்

குழாயை மூடிச் சில நிமிடம் கழித்து டிஸ்போசர் வாயிலுள்ள ரப்பர் தடுப்பை விலக்கி டார்ச் அடித்துப் பார்த்தால், வட்டத் தட்டுக்கு மேலே தண்ணீர் அசையாமல் நின்றது. டிஸ்போசரின் உள்ளே தண்ணீர் தேங்கவே கூடாது. நிறுத்தியதும் காலியாக வேண்டும். தேங்கினால், மோட்டாருக்குள் தண்ணீர் இறங்காமல் தடுக்கும் மேல் சீல் எப்போதும் நனைந்து கிடக்கும், தட்டில் துரு ஏறும், மிச்சம் புளிக்கும். வாடையின் பிறப்பிடம் இதுதான்.

அளந்து பார்த்தார்கள். மேடை உயரம் 85 செ.மீ., தொட்டி ஆழம் 20 செ.மீ., ஆகவே தொட்டியின் அடி தரையிலிருந்து 65 செ.மீ. அதற்கும் கீழே 15 செ.மீ. இறங்கித்தான் டிஸ்போசரின் வெளிக்குழாய் இருக்கிறது: தரையிலிருந்து 50 செ.மீ. சுவரில் கழிவுநீர் நுழையும் துளையோ 51 செ.மீ. உயரத்தில். சாதாரண வேஸ்ட் கப்ளிங்குக்காக முன்பே போட்ட துளை அது. அப்போது அது சரி. டிஸ்போசர் வந்ததும் வெளிக்குழாய் அதைவிடத் தாழ்ந்துவிட்டது, தண்ணீர் மேட்டில் ஏற வேண்டியதாயிற்று. பழைய சுண்ணாம்புச் சுவரை உடைக்க மனம் வராமல் பிளம்பர் இருந்த துளைக்கே வளைத்துக் கொடுத்துவிட்டார். புரிந்துகொள்ளக்கூடிய தயக்கம்தான், அந்தச் சுவர்களை ஒருமுறை உடைத்தால் பழையபடி பூசுவதற்குக் கொத்தனார் கிடைப்பது எளிதல்ல. ஆனால் டிஸ்போசர் வைப்பதென்று முடிவானால் இந்த ஒரு துளைக்கு விலக்கே இல்லை.

சுவருக்கு அப்பால் இன்னொரு பிழை. பின்சுவரை ஒட்டி 3.2 மீட்டர் ஓடிய 40 மி.மீ. குழாய் மொத்தமாக 2 செ.மீ. மட்டுமே இறங்கியது. திடப்பொருள் கலந்த தண்ணீருக்கு 48-க்கு 1 என்ற சரிவாவது வேண்டும், 40-க்கு 1 இருந்தால் நிம்மதி. 3.2 மீட்டருக்கு அது 7 முதல் 8 செ.மீ. இத்தனைக்கும் செட்டிநாட்டு வீடுகளுக்கே உரிய உயர்ந்த அடித்தளத்தால் பின்பக்கத் தரை இரண்டரை அடி தாழ்வாகக் கிடக்கிறது. இறக்கத்துக்கு இடம் தாராளமாக இருந்தும், பார்வைக்கு நேர்க்கோடாக இருக்கட்டும் என்று மட்டமாக ஓட்டிவிட்டார்கள்.

மூன்றாவது, சிங்க்குக்குக் கீழே இருந்த பாட்டில் ட்ராப், அதாவது சாக்கடை வாடை ஏறாதபடி தண்ணீரைத் தேக்கிவைக்கும் கிண்ணம். கை கழுவும் பேசினுக்கு அது நன்றாக இருக்கும். டிஸ்போசருக்கு ஆகாது: அரைத்த துகள் முழுவதும் அந்தக் கிண்ணத்தில் படிந்துவிடும். கழற்றிக் கவிழ்த்தபோது உள்ளே சாம்பலும் ஊதாவும் கலந்த களி ஒன்று கிண்ணத்தின் வடிவத்திலேயே வந்து விழுந்தது. கவுனி அரிசி. பசையுள்ள கறுப்பு அரிசியை இனிப்பாக வேகவைத்துப் பரிமாறுவது விடுதியின் வழக்கம். தட்டில் மிஞ்சியதும் பாத்திரத்தின் அடிப்பிடித்ததும் டிஸ்போசருக்குப் போயிருக்கிறது. சாதாரணச் சோறே அரைபட்டால் பசையாகும். கவுனி அரிசியைப் பற்றிக் கேட்கவே வேண்டாம், சுவரொட்டி ஒட்டலாம். உளுந்து களைந்த தோல் அதற்கு நாரும் சேர்த்திருந்தது.

செய்த வேலை இது. துளையை 42 செ.மீ. உயரத்துக்கு இறக்கினார்கள். பாட்டில் ட்ராப்புக்குப் பதில், கிண்ணமில்லாமல் வளைந்த குழாயாக இருக்கும் 40 மி.மீ. பி ட்ராப். வெளிக்குழாயை 50 மி.மீ. ஆக்கி, 3.2 மீட்டருக்கு 8 செ.மீ. சரிவு. 90 டிகிரி எல்போ இருந்த திருப்பத்தில் இரண்டு 45 டிகிரி, அதையடுத்து ஒரு டோர் பெண்டு, அடைத்தால் திறந்து ஸ்பிரிங் விடுவதற்கு. இரண்டு தொட்டிக்கும் ஒரே ட்ராப் என்று இருந்ததைப் பிரித்து, பக்கத்துத் தொட்டிக்குத் தனி ட்ராப் வைத்து சுவருக்கு அப்பால் இணைத்தார்கள். அரைத்த கழிவு இனி அந்தத் தொட்டியில் ஏறாது.

அடைப்பு நீக்க ஆசிட் ஊற்றலாமா என்ற கேள்வி வந்தது. கூடாது. ரப்பர் சீலையும் உலோகப் பாகங்களையும் அரிக்கும், அதைவிட, ஒரு சொட்டு கீழே சிந்தினால் ஆத்தங்குடிக் கல் பாழ். அது சிமென்ட்டில் செய்த ஓடு. ஆசிட் பட்ட இடம் பொரிந்து நிறம் போய்விடும், பாலீஷில் திரும்பாது.

ஒரு லிட்டர், பத்து வினாடி

குழாய் சரியானாலும் தண்ணீர் போதாவிட்டால் மறுபடியும் படியும். டிஸ்போசர் ஓடும்போது நிமிடத்துக்குக் குறைந்தது 6 லிட்டர் வேண்டும். சோதிப்பது எளிது: ஒரு லிட்டர் பாட்டில் பத்து வினாடிக்குள் நிறைய வேண்டும். இந்த அடுப்படியில் 24 வினாடி ஆயிற்று, அதாவது நிமிடத்துக்கு இரண்டரை லிட்டர்.

காரணம் இரண்டு. தண்ணீர்த் தொட்டி மொட்டைமாடியில், குழாயைவிட ஏறக்குறைய 3 மீட்டர் உயரத்தில் இருக்கிறது. ஒரு மீட்டர் உயரத்துக்கு 0.1 பார் வீதம் மொத்த அழுத்தமே 0.3 பார்தான். அது போகட்டும், போர் தண்ணீரின் உப்பு குழாய் முனையில் திருகியிருக்கும் நுரைச் சல்லடையை அடைத்திருந்தது. கழற்றிப் பார்த்தால் பாதிக் கண்கள் வெள்ளைப் பூத்து மூடியிருந்தன. வினிகரில் ஓர் இரவு ஊறவைத்துத் தேய்த்துப் போட்டபின் 11 வினாடி. சல்லடையே இல்லாமல் 9 வினாடி. டிஸ்போசர் உள்ள தொட்டிக்கு மட்டும் சல்லடை வேண்டாம் என்று எடுத்துவிட்டார்கள். மாதம் ஒருமுறை கழற்றி ஊறவைக்க யாருக்கு நேரம் இருக்கிறது?

தண்ணீர் குளிர்ச்சியாக இருக்க வேண்டும் என்று எல்லாக் கையேட்டிலும் எழுதியிருக்கும். கொழுப்பு உறைந்த நிலையில் அரைபட்டால் துகளாகப் போய்விடும். வெந்நீரில் உருகினால் சற்றுத் தள்ளிப்போய்க் குழாய்ச் சுவரில் மறுபடி உறையும். வெந்நீர்க் குழாயைத் திறக்காவிட்டால் போதும் என்று நினைத்துவிடக் கூடாது. கத்திரி வெயிலில் மதியம் இரண்டு மணிக்கு மொட்டைமாடித் தொட்டியிலிருந்து வருவதே வெந்நீர்தான். ஞாயிற்றுக்கிழமை கறி விருந்துத் தட்டுகள் சிங்க்குக்கு வருவதும் அதே நேரம்தான். ஆகவே கோடையில் ஆட்டுக்கொழுப்புப் படிந்த தட்டையும் சட்டியையும் முதலில் பழைய செய்தித்தாளால் துடைத்துவிட்டுத்தான் கழுவ வேண்டும். எண்ணெயை எந்தப் பருவத்திலும் டிஸ்போசரில் ஊற்றக் கூடாது; நல்லெண்ணெய் உறையாதே என்பவர்களுக்குப் பதில், அது மாவைப் பிடித்துவைத்துக்கொள்ளும்.

ஓட்டும் வரிசை: தண்ணீரைத் திற, சுவிட்சைப் போடு, கழிவைக் கையளவு கையளவாகத் தள்ளு, அரைபடும் சத்தம் நின்று வெறும் சுழற்சிச் சத்தம் வந்தபின் 20, 30 வினாடி தண்ணீரை ஓடவிட்டு நிறுத்து. தொட்டியில் முதலில் கழிவைக் குவித்துவிட்டு சுவிட்சைப் போடுவது தலைகீழ்.

கசிவு

கசிவைத் தேடக் கண்ணை நம்பக் கூடாது, தண்ணீர் மிஷினின் உடம்பு வழியே வழிந்து வேறோர் இடத்தில் சொட்டும். தொட்டியின் வாயை அடைத்து, ஒரு ஸ்பூன் மஞ்சள்தூள் கரைத்த தண்ணீரை நிரப்பிவிட்டு, ஒவ்வோர் இணைப்பிலும் வெள்ளை டிஷ்யூவை ஒற்றி எடுத்தால் எந்த இடத்தில் மஞ்சள் பிடிக்கிறதோ அதுதான். முதலில் மேலே சிங்க் விளிம்பு. அங்கே காய்ந்திருந்தால் அடைப்பை எடுத்து ஓடவிட்டுக் கீழே வெளிக்குழாய் கேஸ்கட். டிஷ்வாஷர் இருந்தால் அதன் ஹோஸ் கிளிப். கடைசியாக மிஷினின் அடிமூடி.

இங்கே சிங்க் விளிம்பிலேயே மஞ்சள் பிடித்தது. மாட்டும் வளையத்தின் மூன்று ஸ்க்ரூக்களில் ஒன்று அதிர்வில் தளர்ந்து, மிஷின் ஒரு பக்கம் சாய்ந்து, புட்டி பிளந்திருந்தது. சிக்கலோடு பலமுறை ஓட்டிப் பார்த்ததும் அதைத் தளர்த்தியிருக்கும். கழற்றி, பழைய புட்டியைச் சுரண்டித் துடைத்து, விரல் பருமனில் புதுப் புட்டியை உருட்டி விளிம்பின் அடியில் சுற்றிவைத்து, மூன்று ஸ்க்ரூவையும் சிறிது சிறிதாக மாற்றி மாற்றி முடுக்கினார்கள். ஒன்றை முழுதாக முடுக்கிவிட்டு அடுத்ததுக்குப் போனால் மறுபடி சாய்வுதான். கிரானைட் சிங்க்காக இருந்தால் புட்டி கூடாது, அதன் எண்ணெய் கல்லில் கறையாக இறங்கும். சிலிக்கான் போட வேண்டும்.

வோல்டேஜ்

சாயந்திரம் விடுதியில் ஏசி எல்லாம் ஓடும் நேரத்தில் அடுப்படி ப்ளக்கில் 180 வோல்ட்தான் இருந்தது. தொடங்கும் விசை வோல்டேஜின் இருமடிக்கு ஏற்பக் குறையும். 230-க்குப் பதில் 180 வந்தால் விசை 61 சதவீதம். பகலில் தானாக நொறுக்கித் தள்ளும் சிறு தடை, இரவில் மிஷினை நிறுத்திவிடும். வீட்டு வயரிங்கில் அடுப்படிக்குத் தனி லைன் இழுத்ததில் 210-க்கு ஏறியது. மின்கசிவு வந்தால் துண்டிக்கும் முப்பது மில்லி ஆம்பியர் ஆர்சிசிபியும் சரியான எர்த்தும் இல்லாமல் சிங்க்குக்கு அடியில் எந்த மோட்டாரையும் வைக்கக் கூடாது. ப்ளக் பாயின்ட் குழாய் இணைப்புகளுக்கு நேர் கீழே வராமல் பக்கவாட்டில் உயரமாக இருக்கட்டும்.

அமெரிக்காவிலிருந்து பிள்ளைகள் கொண்டுவந்து கொடுத்த மிஷினை இங்கே மாட்டுகிறவர்களும் உண்டு. அது 120 வோல்ட், 60 ஹெர்ட்ஸ். ஸ்டெப் டவுன் டிரான்ஸ்ஃபார்மர் வோல்டேஜைத்தான் மாற்றும், ஹெர்ட்ஸை மாற்றாது. வேகம் ஆறில் ஒரு பங்கு குறையும், மோட்டார் சூடேறும். வேண்டாம்.

எது போகலாம், எது போகக் கூடாது

செட்டிநாட்டுச் சமையல் கழிவில் பாதிக்கு மேல் இந்த மிஷினுக்கு ஏற்றதல்ல என்பதை ஒப்புக்கொண்டுவிட்டால் மீதிப் பாதிக்கு அது நன்றாக உழைக்கும். வாழை இலை, வாழைப்பூ மடல், முருங்கைச் சக்கை, கறிவேப்பிலை ஈர்க்கு, தேங்காய் நார் எல்லாம் நார். சின்ன வெங்காயத் தோலும் பூண்டுத் தோலும் வழுக்கி இறங்கும் வகை, ஆய்ந்ததும் குப்பைக்கூடைக்கே. புளிச் சக்கை, மராட்டி மொக்கு, பட்டை, அன்னாசிப்பூ: குழம்பிலிருந்து தட்டின் ஓரத்தில் ஒதுக்கப்படுபவை, தட்டைக் கவிழ்க்கும்முன் எடுத்துவிட வேண்டியவை. நண்டு ஓடு, ஆட்டு எலும்பு அரை எச்பிக்கு மிகை. மாவு வகைகளில் கவுனி அரிசிக்கு முழுத் தடை. பணியார மாவு கழுவிய தண்ணீர் நீர்க்கப் போனால் பரவாயில்லை.

போகலாம் என்பவை: காய்கறித் துண்டு, பழத்தோல் சிறிதாக நறுக்கியது, தட்டில் மிஞ்சிய கூட்டு பொரியல், மீன் முள் சிறியது, கொஞ்சம் சோறு நிறையத் தண்ணீரோடு.

இந்த வீட்டின் அடுப்படித் தண்ணீர் நேராக உறிஞ்சுகுழிக்குப் போய்க்கொண்டிருந்தது. அரைத்த துகள் மண்ணின் கண்களை அடைத்துவிடும், குழி நிரம்பி வழியும். அதனால் நடுவே இரண்டடிக்கு இரண்டடி, ஒன்றரை அடி தண்ணீர் நிற்கும் சேம்பர் ஒன்று கட்டினார்கள், கொள்ளளவு 170 லிட்டர். வெளியேறும் குழாய் டீ (T வடிவ இணைப்பு) வைத்து நீருக்குள் அமிழ்ந்திருக்கும். மேலே மிதக்கும் கொழுப்பும் அடியில் படியும் வண்டலும் அதைத் தாண்டாது. வாரம் ஒருமுறை வாரித் தென்னைக்குழியில் போட்டு மண் மூட வேண்டும். இந்த வாரும் வேலைக்கு ஆள் இல்லாத வீடு டிஸ்போசர் வாங்காமல் இருப்பதே மேல். செப்டிக் டாங்க்கோடு இணைத்தால் அதையும் வழக்கத்தைவிட அடிக்கடி எடுக்க வேண்டிவரும்.

பராமரிப்பு, பூட்டிய வீடு

வாடைக்கு எலுமிச்சைத் தோல் போடுவது மணக்கும், சுத்தம் செய்யாது. அழுக்கு இருப்பது ரப்பர் தடுப்பின் அடிப்பக்கத்தில். ப்ளக்கைப் பிடுங்கிவிட்டு, மடல்களை மேலே புரட்டி, பழைய டூத் பிரஷ்ஷும் சோப்பும் கொண்டு தேய்க்க வேண்டும், வாரம் ஒருமுறை. அதன்பின் ஒரு கிண்ணம் ஐஸ் கட்டியும் ஒரு கைப்பிடி கல் உப்பும் போட்டுத் தண்ணீரோடு ஓட்டினால் உள்சுவர் தெளியும்.

செட்டிநாட்டில் கவனிக்க வேண்டியது இன்னொன்று. சென்னையிலும் சிங்கப்பூரிலும் இருப்பவர்கள் பொங்கலுக்கும் கல்யாணத்துக்கும் வந்து திறக்கும் வீடுகள் இங்கே தெருத் தெருவாக உண்டு. மாதக்கணக்கில் ஓடாத டிஸ்போசரில் தட்டும் வளையமும் துருவால் ஒட்டிக்கொள்ளும். ட்ராப் தண்ணீர் வற்றிக் கரப்பான் ஏறும். பூட்டுவதற்கு முன் ஐஸ் போட்டு ஓட்டி, இரண்டு நிமிடம் வெறும் தண்ணீர் விட்டு, ப்ளக்கைப் பிடுங்கி, ட்ராப்பில் கால் டம்ளர் லிக்விட் பாரஃபின் ஊற்றிவிட வேண்டும். அது தண்ணீர்மேல் படர்ந்து ஆவியாவதைத் தாமதிக்கும். சமையல் எண்ணெய் என்றால் சிக்குவாடை வரும். திரும்பி வந்ததும் சுவிட்சுக்குப் போகும்முன் ஆலன் கீயால் இரண்டு சுற்றுச் சுற்றிப் பார்த்துக்கொள்வது. நேரே சுவிட்சைப் போட்டு, துருவை உடைக்க முடியாமல் மோட்டார் எரிந்த கதைகள் கல்யாண வீட்டில்தான் அதிகம்.

அடிமூடியிலிருந்து, ரீசெட் பொத்தானைச் சுற்றி, ஈரம் வந்தால் உள் சீல் போய்விட்டது. அதைப் பிரித்து மாற்றும் செலவும் நேரமும் கட்டுபடியாகாது. தண்ணீர் மோட்டாருக்கு இறங்கும் ஆபத்தும் இருக்கிறது. ப்ளக்கைப் பிடுங்கிவிட்டுப் புதிதுக்கு ஏற்பாடு செய்யலாம். வாங்கும்முன் சிங்க் துளையை அளந்துகொள்ளுங்கள்: டிஸ்போசர் கேட்பது 90 மி.மீ., நம் ஊர் ஸ்டீல் சிங்க் பலவற்றில் துளை அதைவிடப் பெரிது, குறைக்கும் வளையம் தனியாக வாங்க வேண்டியிருக்கும்.